ஒரு கைப்பிடியின் விலை

மாநகரங்களின் வரலாற்றை எழுதுவோர் அவற்றின் அரண்மனைகளையும் தேவாலயங்களையும் பாலங்களையுமே பெரும்பாலும் எடுத்துரைப்பர். நிலத்துக்கு மேலே உயர்ந்து நிற்பவை எல்லோர் கண்ணுக்கும் தெரிகின்றன. ஆதலால் ஏடுகளிலும் இடம்பெற்றுவிடுகின்றன. ஆனால், ஒரு நகரத்தின் உழைக்கும் மக்கள் எவ்வாறு வாழ்ந்தனர், எவ்வாறு மாண்டனர் என்பதை அறிய விரும்புவோன் சிலவேளைகளில் நிலத்துக்குக் கீழே இறங்கிச் செல்லவேண்டியிருக்கிறது. இலண்டன் மாநகரின் கிழக்குப் பகுதியிலே பெத்னல் கிறீன் என்னும் இடத்திலுள்ள நிலக்கீழ்ப் புகையிரத நிலையம் அவ்வாறு இறங்கிப் பார்க்கவேண்டிய ஓரிடமாகும்.

மேற்கிலிருந்து வரும் பெத்னல் கிறீன் வீதி, கிழக்கு நோக்கிச் செல்லும் றோமன் வீதி, வடக்குத் தெற்காக ஓடும் கேம்பிறிட்ஜ் ஹீத் வீதி ஆகிய மூன்றும் கூடும் சந்தியிலே இந்நிலையம் அமைந்துள்ளது. அருகே ஒரு பூங்கா. பூங்காவையடுத்து ஒரு நூலகம். எதிரே பரிசுத்த யோவான் தேவாலயம். நிலையத்துக்கென்று நிலத்தின்மேல் ஒரு கட்டடமும் இல்லை. நடைபாதையின் ஓரத்திலே திறந்துகிடக்கும் படிக்கட்டுகளின் வழியாகவே உள்ளே செல்லவேண்டும். புகையிரதம் என்று நாம் பழக்கத்தாற் சொன்னாலும் இங்கே ஓடுவது மின்சார வண்டி. மத்திய பாதை எனப்படும் தடத்தில் லிவர்பூல் வீதி நிலையத்துக்கும் மைல் எண்ட் நிலையத்துக்கும் இடையே வருவது இந்நிலையம். மேடைச் சுவர்களிலே பதிக்கப்பட்டுள்ள ஓடுகளிற் சிலவற்றில் ஹரோல்ட் ஸ்டாப்ளர் என்னும் கலைஞர் வடித்த இலண்டன் சின்னங்களைக் காணலாம். அவசரமாக வேலைக்குச் செல்லும் பிரயாணிக்கு இது மற்றெந்த நிலையத்தையும் போன்ற ஒரு நிலையமே.

ஆனால் இந்நிலையத்துக்கு ஒரு விசித்திரமான வரலாறு உண்டு. ஒரு வண்டியேனும் இங்கு வந்து நிற்பதற்கு முன்பே, ஆயிரக்கணக்கான மக்கள் இதனுள்ளே வாழ்ந்திருக்கிறார்கள். ஒரு வண்டியேனும் ஓடுவதற்கு முன்பே, ஒரே இரவில் 173 பேர் இதன் வாயிலிலே மாண்டிருக்கிறார்கள். அவர்கள் மேல் எந்தக் குண்டும் விழவில்லை.

கிழக்கு இலண்டன்

பெத்னல் கிறீன் நெடுங்காலமாகவே ஏழைகளின் பகுதி. பிரான்சிலே சமயக் கொடுமைக்குத் தப்பி ஓடிவந்த புரட்டஸ்தாந்த நெசவாளர்கள் இப்பகுதியிலே பட்டுத் தறிகளை அமைத்தார்கள். பின்னர் தறிகள் நலிந்தன. தளபாடம் செய்வோரும் தையற் தொழிலாளரும் சப்பாத்துத் தைப்போரும் துறைமுகக் கூலிகளும் நிறைந்த இடமாயிற்று. அயர்லாந்தரும் யூதரும் வந்து சேர்ந்தனர்; அண்மைக் காலத்தில் வங்காளிகள் வந்து குடியேறினர். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் இலண்டனின் வறுமையை வீதி வீதியாக ஆராய்ந்து நிறம் தீட்டிக் காட்டிய சார்ள்ஸ் பூத், இப்பகுதியை மிக வறியவற்றுள் ஒன்றாகக் கண்டார்.

இத்தகைய மக்களுக்கு நிலக்கீழ்ப் பாதை நெடுங்காலம் எட்டாமலே இருந்தது. மத்திய பாதை 1912ஆம் ஆண்டிலே லிவர்பூல் வீதிவரை வந்து நின்றுவிட்டது. அதற்கப்பால் கிழக்கே அது செல்லவில்லை. 1933ஆம் ஆண்டில் இலண்டனின் பஸ்களும் டிராம்களும் நிலக்கீழ்ப் பாதைகளும் ஒரு பொதுச் சபையின் கீழ்க் கொண்டுவரப்பட்ட பின்னரே நிலைமை மாறியது. 1935இல் வகுக்கப்பட்ட விரிவாக்கத் திட்டத்தின்படி அப்பாதையைக் கிழக்கே நீட்டும் வேலை 1936இல் ஆரம்பமாயிற்று. அப்பொதுச் சபைக்கு வித்திட்ட மசோதாவை மந்திரியாக இருந்தபோது வகுத்தவர் தொழிற்கட்சித் தலைவர் ஹேர்பேர்ட் மொறிசன். ஒரு பொலிஸ்காரரின் மகனாகப் பிறந்து, இலண்டன் தொழிலாளரின் வாக்குகளால் உயர்ந்தவர். இப்பெயரை வாசகர் நினைவில் வைத்துக்கொள்ளவேண்டும். இக்கதையில் அவர் மீண்டும் வருகிறார்.

1939இல் போர் மூண்டபோது பெத்னல் கிறீனிலே சுரங்கம் தோண்டப்பட்டிருந்தது, தண்டவாளங்கள் இடப்படவில்லை. வேலை நின்றது. பாதி முடிந்த நிலையம் இருளிலே கிடந்தது.

யாருக்குப் பாதுகாப்பு?

வானிலிருந்து குண்டு பொழியும் போர் வரப்போகிறது என்பது 1939க்கு முன்பே தெளிவாகியிருந்தது. ஸ்பெயினிலே பாசிஸ்டுகளின் விமானங்கள் செய்ததை நேரிற் கண்டு திரும்பிய விஞ்ஞானி ஜே. பி. எஸ். ஹால்டேன், ஆழமான பாதுகாப்பிடங்களை அரசாங்கமே நிலத்தின்கீழ் அமைக்கவேண்டும் என்று 1938இல் ஒரு நூல் எழுதினார். இவரே பிற்காலத்தில் இந்தியாவைத் தம் நாடாக ஏற்றுப் புவனேஸ்வரத்தில் 1964இல் காலமானவர். இலண்டனின் பின்ஸ்பரி நகரசபை இத்தகைய ஆழ்சுரங்கங்களுக்கு வரைபடங்களையே தயாரித்தது.

அரசாங்கம் மறுத்தது. ஹெய்லி பிரபுவின் தலைமையில் கூடிய குழு, 1939ஆம் ஆண்டு ஏப்ரிலில் ஆழ்சுரங்கத் திட்டத்தை நிராகரித்தது. மக்கள் ஆழத்துக்குள் இறங்கிவிட்டால் மேலே வந்து வேலை செய்யமாட்டார்கள் என்ற அச்சம் அக்கால அதிகாரிகளிடையே வேரூன்றியிருந்தது. ஹெய்லி பிரபு முன்னர் பஞ்சாபின் கவர்னராக இருந்தவர். அப்போது சிவில் பாதுகாப்புக்குப் பொறுப்பாயிருந்த ஸேர் ஜோன் அண்டர்சன் 1932 முதல் 1937 வரை வங்காளத்தின் கவர்னர். இந்திய மக்களை ஆண்டபோது பழகிய கண்களாலேயே இவர்கள் தம் நாட்டு ஏழைகளையும் நோக்கினார்களோ என்று எண்ணத் தோன்றுகிறது. ஆளப்படுவோரை நம்பாமை என்பது கடல் கடந்த நாடுகளுக்கு மட்டும் ஒதுக்கிவைக்கப்பட்ட குணமன்று.

ஆழ்சுரங்கத்துக்குப் பதிலாக அரசாங்கம் கொடுத்தது வளைந்த தகரத்தாலான ஒரு சிறு கூடு. அண்டர்சனின் பெயராலேயே அது வழங்கப்பட்டது. வருமானம் குறைந்தோருக்கு இலவசமாகவும் கிடைத்தது. ஆனால் அதை வீட்டுத் தோட்டத்திலே குழி தோண்டிப் புதைக்கவேண்டும். கிழக்கு இலண்டனின் நெருக்கமான குடியிருப்புகளிலே தோட்டத்துக்கு எங்கே போவது? தோட்டமுள்ளவனுக்குப் பாதுகாப்பு உண்டு, இல்லாதவனுக்கு இல்லை. இதனை எவரும் சட்டமாக எழுதிவைக்கவில்லை. எழுதாமலே அது சட்டமாயிற்று.

1940 செப்டெம்பர் 7ஆம் திகதி ஜெர்மன் விமானங்கள் கிழக்கு இலண்டனைத் தாக்கின. அன்றிரவே பெத்னல் கிறீன் நூலகத்தின்மேல் குண்டு விழுந்தது. தொடர்ந்து 57 இரவுகள் தாக்குதல் நடந்தது. மக்கள் நிலக்கீழ் நிலையங்களை நாடி ஓடினர். அங்கே தங்குவதற்குத் தடை இருந்தது. குறைந்த விலைப் பிரயாணச் சீட்டை வாங்கிக்கொண்டு இறங்கியவர்கள் மேலே திரும்பி வர மறுத்தனர். லிவர்பூல் வீதி நிலையத்தின் கதவுகள் மக்களின் நெருக்குதலாலேயே திறந்தன. செப்டெம்பர் 14ஆம் திகதி, ஸ்ரெப்னி நகரசபையின் கம்யூனிஸ்ட் உறுப்பினரான பில் பிராற்றின் பல பத்துப் பேரை அழைத்துக்கொண்டு, செல்வந்தர் தங்கும் சவோய் ஹோட்டலின் பாதுகாப்பறைக்குள்ளே சென்று அமர்ந்தார். அக்கட்சி அந்நாளிற் போரைப் பற்றிக் கொண்டிருந்த நிலைப்பாட்டை ஏற்காத பலரும் இக்கோரிக்கையின் நியாயத்தை மறுக்கவில்லை. அரசாங்கம் இறங்கி வந்தது. செப்டெம்பர் 27ஆம் திகதி இரவு நிலக்கீழ் நிலையங்களிலே தங்கியோர் தொகை ஏறத்தாழ 1,77,000.

ஆகவே, இலண்டன் மக்களுக்கு நிலக்கீழ் நிலையங்கள் புகலிடமாக அளிக்கப்பட்டன என்று கூறுவது சரியன்று. அவர்கள் அவற்றைக் கைப்பற்றினார்கள் என்பதே உண்மை.

சுரங்கத்துள் ஓர் ஊர்

பெத்னல் கிறீன் நிலையமும் இவ்வாறு புகலிடமாயிற்று. 5,000 படுக்கைகள் அடுக்கடுக்காக அமைக்கப்பட்டன. மேலும் 2,000 பேர் தங்க இடமிருந்தது. தண்டவாளம் இல்லாத சுரங்கமாதலால் வண்டிகளின் இடையூறு இல்லை. தேநீர்ச்சாலை வந்தது, மருத்துவப் பகுதி வந்தது, குழந்தைகளைப் பராமரிக்க இடம் வந்தது, ஒரு சிறு நாடக அரங்கும் எழுந்தது. மேலே குண்டு விழுந்து சிதைந்த நூலகத்தின் ஊழியர்கள் 1941இல் கீழே சுரங்கத்துள் ஒரு நூலகத்தைத் திறந்தார்கள். பகலெல்லாம் உழைத்துவிட்டு வந்த தாய்மார் பாயை விரிக்குமுன் ஒரு புத்தகத்தை வாங்கிச் செல்வதும், சிறுவர் வரிசையில் நின்று கதைப் புத்தகம் கேட்பதும் அங்கே நாள்தோறும் நடந்தன. தண்டவாளம் கிடக்கவேண்டிய இடத்திலே மக்கள் தமக்கென்று ஓர் ஊரையே அமைத்துக்கொண்டனர் எனலாம்.

இதே பாதையின் முடிவுறாத சுரங்கமொன்றிலே, இரு மருங்கும் வரிசையாகப் படுத்துறங்கும் மனிதரைச் சிற்பி ஹென்றி மூர் சித்திரமாகத் தீட்டினார். அச்சித்திரங்களைக் கலைக்கூடங்களிலே இன்று பலர் வியந்து பார்க்கின்றனர். அந்த மனிதர் எந்த வாயிலால் உள்ளே இறங்கினர் என்று கேட்போர் சிலரே.

பெத்னல் கிறீனில் அந்த வாயில் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. 7,000 பேருக்கு ஒரு வாயில். பூங்காவின் ஓரத்தில் பத்தொன்பது படிகள் கீழே இறங்கும். பின்பு ஒரு சிறு தளம். அங்கிருந்து வலப்புறம் திரும்பினால் மேலும் சில படிகள். அப்பால் சீட்டு மண்டபம். பத்தொன்பது படிகளின் நடுவே கைப்பிடி இல்லை. படிகளின் விளிம்பிலே வெள்ளைக் கோடு இல்லை. விமானங்களுக்கு வெளிச்சம் தெரியக்கூடாதென்பதால் மங்கலான ஒரு மின்குமிழ் மட்டும் எரிந்தது. மேலே வாயிலைச் சுற்றி மரப்பலகையாலான அடைப்பு.

இது ஆபத்தான வாயில் என்பதை எவரும் உணரவில்லையா? உணர்ந்தனர். 1941ஆம் ஆண்டிலேயே நகரசபை, இவ்வாயிலைத் திருத்தியமைக்க அனுமதி வேண்டிப் பிராந்தியப் பாதுகாப்பு அதிகாரிகளுக்கு எழுதியது. ஒருமுறையன்று, திரும்பத் திரும்ப எழுதியது. கூட்டம் ஒரேயடியாக வந்தால் பலகையடைப்பு தாங்காது என்று எடுத்துக்காட்டியது. அது பணவிரயம் என்று மறுமொழி வந்தது. கடிதங்கள் கோப்பிலே வைக்கப்பட்டன. படிக்கட்டு இருந்தபடியே இருந்தது.

1943 மார்ச் 3

1943இன் தொடக்கத்தில் இலண்டனில் குண்டுவீச்சு வெகுவாகக் குறைந்திருந்தது. ஆனால் மார்ச் முதலாம் திகதி இரவு பிரித்தானிய விமானங்கள் பேர்லினைக் கடுமையாகத் தாக்கின. பதிலடி வரும் என்று எல்லோரும் எதிர்பார்த்தனர். மூன்றாம் திகதி, புதன்கிழமை. இரவு 8 மணி 17 நிமிடத்துக்கு அபாயச் சங்கு ஊதியது. படமாளிகைகளிலிருந்து மக்கள் வெளியேறினர். பஸ்கள் சந்தியிலே நின்று பிரயாணிகளை இறக்கின. தாய்மார் படுக்கை மூட்டைகளையும் குழந்தைகளையும் சுமந்துகொண்டு விரைந்தனர். பத்து நிமிடங்களுக்குள் சுமார் 1,500 பேர் ஒழுங்காகவே படியிறங்கி உள்ளே சென்றனர். இருளிலும் ஈரத்திலும், நடுக்கைப்பிடி இல்லாத படிகளிலே அத்தனை பேர் விபத்தின்றி இறங்கினர் என்பதை இங்கு அழுத்திக் கூறவேண்டியிருக்கிறது.

8 மணி 27 நிமிடத்தில், அண்மையிலுள்ள விக்டோரியாப் பூங்காவில் நிறுவப்பட்டிருந்த புதிய விமான எதிர்ப்பு ரொக்கெற்றுகள் ஒருங்கே வெடித்துச் சீறின. அவ்வோசையை அப்பகுதி மக்கள் முன்பு கேட்டதில்லை. அது தம்மவர் ஆயுதம் என்று எவரும் அவர்களுக்குச் சொல்லவில்லை. குண்டு விழுகிறதென்று எண்ணி மேலே நின்றோர் உள்ளே நகர்ந்தனர். அவ்வேளை கீழ்ப்படிகளிலே, குழந்தையொன்றுடன் இறங்கிக்கொண்டிருந்த ஒரு பெண் இடறி விழுந்தாள். அவள்மேல் பின்னால் வந்தவர் விழுந்தார், அவர்மேல் இன்னொருவர். பற்றிக்கொள்ள நடுவே எதுவும் இல்லை. மேலே நின்றோருக்குக் கீழே நிகழ்வது தெரியவில்லை. ஒரு நிமிடத்துக்குள் ஏறத்தாழ 300 மனிதர் அந்தச் சிறு படிக்கட்டினுள் ஒருவர்மேலொருவராக இறுகிப்போயினர். கடமையிலில்லாத ஒரு பொலிஸ்காரர் அவ்வுடல்களின் மேலாக ஊர்ந்து கீழே சென்று உதவிக்கு ஆள் அனுப்பும்படி சொல்லித் திரும்பினார். கீழிருந்து இழுத்தாலும் மேலிருந்து தூக்கினாலும் ஒருவரையேனும் பிரித்தெடுப்பது அரிதாயிருந்தது. கடைசி உடலை வெளியே எடுக்க நள்ளிரவு நெருங்கிவிட்டது.

இறந்தோர் 173 பேர். அவர்களுள் 84 பேர் பெண்கள். 62 பேர் சிறுவர். 27 பேர் ஆண்கள். காயமுற்று மருத்துவமனை சென்றோர் 60க்கு மேற்பட்டோர். இலண்டனின் வேறு நிலக்கீழ் நிலையங்களும் போரிலே உயிர்களைப் பலிகொடுத்தன. 1940 ஒக்டோபரில் பால்ஹம் நிலையத்திலும், 1941 ஜனவரியில் பாங்க் நிலையத்திலும் குண்டு விழுந்து மக்கள் மாண்டனர். ஆனால் அவற்றையெல்லாம் மிஞ்சிய சாவு, குண்டே விழாத பெத்னல் கிறீனிலேயே நிகழ்ந்தது. அன்றிரவு அப்பகுதியில் எதிரியின் குண்டு ஒன்றுகூட விழவில்லை.

மறைக்கப்பட்ட அறிக்கை

மறுநாள் முதல் மௌனம் தொடங்கியது. பத்திரிகைகள் இடத்தின் பெயரைக் குறிப்பிடாமல் செய்தி வெளியிட்டன. உயிர் தப்பியோருக்கும் மீட்பில் ஈடுபட்டோருக்கும் எதுவும் பேசவேண்டாம் என்று கட்டளையிடப்பட்டது. அப்போது உள்நாட்டு மந்திரியாக இருந்தவர் ஹேர்பேர்ட் மொறிசன்: இந்நிலையத்தைத் தோண்டிய பொதுச் சபைக்கு வித்திட்ட அதே மொறிசன். 1941 ஜனவரியில், மக்களுக்கு ஆழ்சுரங்கம் வேண்டுமென்று எழுதிவந்த டெய்லி வேர்க்கர் பத்திரிகையை, அதன் போர் எதிர்ப்பைக் காரணங்காட்டித் தடைசெய்தவரும் அவரே.

நீதிவான் லோறன்ஸ் டன் மூடிய கதவுகளுக்குப் பின்னே விசாரணை நடத்தி, அம்மாதத்துக்குள்ளேயே அறிக்கையை மொறிசனிடம் கையளித்தார். எதிரிக்குப் பயன்படும் என்ற காரணத்தால் அறிக்கை வெளியிடப்படவில்லை. அந்த வெறுமையிலே வதந்திகள் பெருகின. யூதர்கள் பீதியடைந்து முண்டியடித்ததாலேயே இது நிகழ்ந்தது என்றனர் சிலர். பாசிஸ்டுகளின் சதி என்றனர் வேறு சிலர். இரண்டையும் டன் ஆராய்ந்து பொய்யெனத் தள்ளியிருந்தார். அப்புகலிடத்துக்கு வந்த யூதர் மிகச் சிலரே என்பதையும் காட்டியிருந்தார். ஆனால் உண்மை பெட்டியிலே பூட்டப்பட்டிருக்க, பொய் வீதியிலே உலாவியது. சிறுபான்மையோர்மீது பழி சுமத்தப்படும்போது அதைத் துடைக்கக்கூடிய சான்றைக் கையில் வைத்துக்கொண்டு வாளாவிருக்கும் அரசாங்கம், அப்பழியில் தானும் பங்காளியாகிறது. இதனை நம் நாட்டு வாசகருக்கு விரித்துரைக்கவேண்டியதில்லை.

அறிக்கையிலும் ஒரு குறை இருந்தது. படிக்கட்டின் குறைகளை டன் எடுத்துக்கூறினார். எனினும், பொருந்தாத நேரத்தில் பொருந்தாத இடத்தில் பலர் தன்னடக்கத்தை இழந்ததே முதன்மைக் காரணம் என்று முடிவுசெய்தார். அதாவது, குற்றவாளி கூட்டமே. பின்னர், குடும்பத்தவரைப் பறிகொடுத்த ஒரு விதவை நகரசபைமீது வழக்குத் தொடுத்தார். 1944இல் நீதிபதி சிங்கிள்டன் சான்றுகளைக் கேட்டு, அங்கே முண்டியடித்தல் எதுவும் நிகழவில்லை என்று கண்டு, நகரசபையின் கவனக்குறைவே காரணமெனத் தீர்ப்பளித்தார். கிறீன் பிரபு தலைமைதாங்கிய மேன்முறையீட்டு நீதிமன்றமும் அதை உறுதிப்படுத்தி, பீதி இருக்கவில்லை என்பதை ஒப்புக்கொண்டது. அதன்பின்பே, 1945 ஜனவரியில், டன் அறிக்கை வெளிவந்தது.

மக்கள்மீதிருந்த பழி நீங்கியது. ஆனால் முழு நியாயம் கிடைத்ததா? தண்டம் செலுத்தியது நகரசபை. திருத்த அனுமதி கேட்டவனே தண்டம் கட்டினான். அனுமதி மறுத்தவன் பெயர் கோப்புகளுக்குள்ளே மறைந்தது. நகரசபை தான் எழுதிய பழைய கடிதங்களைப் பற்றி வெளியிற் பேசாது மௌனம் காத்தது. பல பத்தாண்டுகளின் பின்பு பழைய கோப்புகள் ஆராயப்பட்டபோதே அக்கடிதங்கள் பொதுமக்களின் கவனத்துக்கு வந்தன. விபத்து நிகழ்ந்த சில நாட்களிலேயே படிக்கட்டிலே கைப்பிடிகள் பொருத்தப்பட்டன என்பதையும் இங்கே குறிப்பிடவேண்டும். ஈராண்டுகளாகப் பணவிரயமாகத் தோன்றிய வேலை, 173 பேர் இறந்தவுடன் அவசியமாயிற்று.

மேலெழுந்த படிக்கட்டு

போர் முடிந்தது. படுக்கைகள் அகற்றப்பட்டன, தண்டவாளங்கள் இடப்பட்டன. 1946 டிசெம்பர் 4ஆம் திகதி பெத்னல் கிறீன் நிலையத்துக்கு முதல் வண்டி வந்தது. மக்கள் அதே படிகளால் இறங்கி வேலைக்குச் சென்றனர். தாயை இழந்தவரும் மகளை இழந்தவரும் அவ்வழியே நடந்தனர். வீட்டிலே அதைப் பற்றிப் பேசாமலே பலர் முதுமையடைந்தனர். அரசாங்கம் விதித்த மௌனம் நாளடைவில் மனிதரின் மனத்துள்ளேயே குடிபுகுந்துவிட்டது. ஐம்பது ஆண்டுகளின் பின்பு, 1993இலேயே படிக்கட்டின் மேலே ஒரு சிறு பெயர்ப்பலகை பொருத்தப்பட்டது.

அது போதாதென்று கருதிய உயிர் தப்பியோரும் இறந்தோரின் உறவினரும் 2007இல் ஒரு நம்பிக்கைப் பொறுப்பை நிறுவி, ஆண்டுக்கணக்காகச் சிறுகச் சிறுக நிதி திரட்டினர். 2017 டிசெம்பரில், பூங்காவின் மூலையிலே, அந்த வாயிலுக்கு அருகிலேயே, நினைவுச் சின்னம் முழுமை பெற்றுத் திறக்கப்பட்டது. தேக்கு மரத்தாலான ஒரு படிக்கட்டு, தலைகீழாக, வானை நோக்கி எழுகிறது. இறந்தோரின் பெயர்கள் அதிலே பொறிக்கப்பட்டுள்ளன. மேற்புறத்திலே 173 சிறு துவாரங்கள். அவற்றின் வழியே ஒளி கீழே விழுகிறது. 1943இல் ஒரேயொரு மங்கலான குமிழ் எரிந்த இடத்திலே, இப்போது ஆளுக்கொரு ஒளித்துளி.

பெரிய கூட்டங்களிலே மக்கள் நெரிந்து மாளும்போதெல்லாம் நாம் உடனடியாகக் கேட்பது 'பீதி' என்ற சொல்லை. கூட்டம் கட்டுப்பாட்டை இழந்தது, மக்கள் பொறுமையிழந்தனர், அவர்களே அவர்களைக் கொன்றுகொண்டனர் என்று சொல்லிவிடுவது ஆள்வோருக்கு எளிது. பீதிக்கு முகவரி இல்லை. அதனை நீதிமன்றத்துக்கு அழைக்க முடியாது. ஆனால் வாயில்கள் எத்தனை, படிகளின் அகலம் எவ்வளவு, கைப்பிடி இருந்ததா, அதை வேண்டி எழுதப்பட்ட கடிதத்துக்கு யார் மறுமொழி எழுதினார் என்ற கேள்விகளுக்கு முகவரி உண்டு. பெத்னல் கிறீன் மக்கள் தம் இறந்தோரின் பெயரைத் துடைப்பதற்கு எழுபது ஆண்டுகளுக்கு மேலாகப் போராடியபோது, உண்மையில் இந்தக் கேள்விகளையே அவர்கள் கேட்டுக்கொண்டிருந்தார்கள். அடுத்த முறை 'பீதி' என்ற சொல் நம் காதில் விழும்போது, அவர்களைப் போல் நாமும் முதலிலே படிக்கட்டைப் பார்ப்போமாக.